சாட்சிகளின் சரித்திரம்

உரிமைப் போராட்டத்தின் கதை: 14

சென்ற இதழில், 1965-ஆம் ஆண்டு ஆகஸ்டு மாதம் 6-ஆம் தேதியன்று ஜனாதிபதி லிண்டன் ஜான்ஸன் வாக்குரிமைச் சட்டத்தில் கையொப்பமிட்டது வரையில் கண்டோம். மான்ட்கமரி நகரத்துப் பஸ் பகிஷ்காரத்தில் தொடங்கி, லிட்டில் ராக் பள்ளிக்கூடத்து வாசலையும், நாஷ்வில் நகரத்துச் சிற்றுண்டிச் சாலைகளையும், பர்மிங்ஹாம் நகரத்துச் சிறைகளையும் கடந்து, செல்மா பாலத்தில் ரத்தம் சிந்தி நடந்த பத்தாண்டுக் காலப் போராட்டம் அன்றைக்கு ஒரு கட்டத்தை எய்தியது. அதற்குப் பிந்திய கொந்தளிப்பான ஆண்டுகளுக்குள் புகுவதற்கு முன்னால், இந்தப் பத்தாண்டுச் சரித்திரம் இத்தனை துலக்கமாக நம் கைக்கு வந்து சேர்ந்தது எவ்வாறு என்பதை இந்த அத்தியாயத்தில் சொல்லிவிடுவது அவசியமென்று கருதுகிறேன். ஏனெனில், அந்த ஜனங்கள் போராடிப் பெற்ற உரிமைகளுள் எந்தச் சட்டப் புத்தகத்திலும் எழுதப்படாத உரிமை ஒன்று உண்டு. நடந்தது இன்னதென்று, அதை அனுபவித்தவர்கள் தங்கள் வாயாலேயே உலகத்தின் முன் எடுத்துரைக்கும் உரிமைதான் அது. அந்த உரிமைக்காக ஏறத்தாழ இருபது ஆண்டுகள் உழைத்த ஹென்றி ஹாம்ப்டன் என்ற ஆவணப்பட ஆசிரியரைப் பற்றியதே இந்த அத்தியாயம்.

வைத்தியரின் புதல்வர்

ஹாம்ப்டன் 1940-ஆம் ஆண்டு ஜனவரி மாதம் 8-ஆம் தேதி, மிஸூரி மாகாணத்தைச் சேர்ந்த செயின்ட் லூயிஸ் நகரத்தில் பிறந்தார். அவருடைய தந்தையார் ரண சிகிச்சையில் பெயர் பெற்ற வைத்தியர். நிற வேற்றுமை தலைவிரித்தாடிய அந்நாளில், கறுப்பின மக்களுக்கென்றே அந்நகரத்தில் ஏற்பட்டிருந்ததும், கறுப்பின வைத்தியர்களைத் தலைமுறை தலைமுறையாகப் பயிற்றுவித்ததுமான ஹோமர் ஜி. பிலிப்ஸ் மருத்துவமனையில் அவர் பணியாற்றினார். ஆகவே ஹென்றி வறுமையை அறியாத குடும்பத்தில், கத்தோலிக்க சமயப் பயிற்சியோடும் நல்ல கல்வியோடும் வளர்ந்தார். ஆனால் 1955-ஆம் ஆண்டு, அவருக்குப் பதினைந்து வயதானபோது, இளம்பிள்ளை வாதம் தாக்கி ஒரு கால் விளங்காமற் போயிற்று. அன்றுமுதல் ஆயுள் பரியந்தம் காலில் இரும்புப் பட்டை பூட்டியே அவர் நடக்க வேண்டியிருந்தது.

அதே 1955-ஆம் ஆண்டு ஆகஸ்டு மாதத்தில்தான் எம்மெட் டில் என்ற பதினான்கு வயதுச் சிறுவன் மிஸிஸிப்பியில் கொலையுண்டான். சிகாகோவிலிருந்து உறவினர் வீட்டுக்கு விடுமுறைக்கு வந்திருந்த அந்தப் பிள்ளையின் சிதைந்த முகத்தை உலகம் காணட்டும் என்று, அவனைப் பெற்ற தாயார் மாமி டில் சவப்பெட்டியை மூடாமலே வைத்த விவரத்தை இத்தொடரின் இரண்டாம் அத்தியாயத்தில் விஸ்தாரமாகச் சொல்லியிருக்கிறேன். கறுப்பினப் பத்திரிகைகளில் வெளியான அந்தப் புகைப்படம், எம்மெட்டின் வயதை ஒத்த கறுப்பினச் சிறுவர் சிறுமியர் அனைவருடைய நெஞ்சிலும் ஆறாத வடுவாய்ப் பதிந்தது. முப்பத்திரண்டு ஆண்டுகளுக்குப் பின்னர் ஹாம்ப்டன் தம்முடைய மகத்தான படத்தொடரை மக்கள் முன் வைத்தபோது, முதற்பகுதியிலேயே அந்தச் சிறுவனின் கதையை இடம்பெறச் செய்தார்.

பாலத்தின் மீது

வாஷிங்டன் சர்வகலாசாலையில் இலக்கியம் பயின்று 1961-இல் பட்டம் பெற்ற ஹாம்ப்டன், தந்தையாரைப் பின்பற்றிச் சிறிது காலம் வைத்தியக் கல்வியும் பயின்று, அதில் மனம் பற்றாமல் பாஸ்டன் நகரத்துக்குப் போய்ச் சேர்ந்தார். அங்கே யூனிடேரியன் திருச்சபைச் சங்கத்தின் தலைமை நிலையத்தில் செய்தி விளம்பரப் பகுதியின் நிர்வாகப் பொறுப்பு அவருக்குக் கிடைத்தது. 1965-ஆம் ஆண்டு மார்ச் மாதம் 7-ஆம் தேதி ஞாயிற்றுக்கிழமை, செல்மாவின் எட்மண்ட் பெட்டஸ் பாலத்தைக் கடக்க முயன்ற சுமார் அறுநூறு பேரை அலபாமாப் போலீஸார் தடிகொண்டும் குதிரைகொண்டும் தாக்கிய பின்பு, சகல சமயங்களின் குருமாரையும் செல்மாவுக்கு வரும்படி மார்ட்டின் லூதர் கிங் அழைத்தாரல்லவா? அந்த அழைப்பை ஏற்றுப் பாஸ்டனிலிருந்து சென்ற யூனிடேரியன் போதகர் ஜேம்ஸ் ரீப், 9-ஆம் தேதி இரவு வீதியில் தாக்கப்பட்டு, 11-ஆம் தேதி உயிர் நீத்தார். அந்த மாதத்தில்தான் ஹாம்ப்டனும் தம் சபையின் சார்பில் செல்மாவுக்குச் சென்றார். இரும்புப் பட்டை பூட்டிய காலோடு அந்தப் பாலத்தின்மீது நடந்தார்.

ஒரு பக்கம் துப்பாக்கியும் தடியும் ஏந்திய அரசாங்கப் படையும், மறுபக்கம் ஆயுதமென்று ஏதுமின்றிப் பாட்டும் பிரார்த்தனையுமே துணையாக நின்ற ஜனக்கூட்டமும் எதிரெதிரே நின்ற அந்தக் காட்சி, என்றேனும் ஒருநாள் உலகத்துக்குச் சொல்லப்பட வேண்டிய ஒப்பற்ற கதை என்ற எண்ணத்தை அவர் உள்ளத்தில் விதைத்தது. அப்போது அவருக்கு வயது இருபத்தைந்து; திரைப்படத் தொழிலில் அனுபவமும் கிடையாது, கையில் பொருளும் கிடையாது.

முதல் பிரயத்தனம்

1968-ஆம் ஆண்டு, கிங் மெம்பிஸ் நகரத்தில் சுட்டுக் கொல்லப்பட்ட அதே ஆண்டில், ஹாம்ப்டன் பாஸ்டனில் 'பிளாக்ஸைட்' என்ற படத்தயாரிப்பு ஸ்தாபனத்தை ஆரம்பித்தார். கறுப்பினத்தவருக்குச் சொந்தமான படக் கம்பெனி என்பதே அக்காலத்தில் அபூர்வம். அரசாங்க இலாகாக்களுக்கும் பொது ஸ்தாபனங்களுக்கும் விளக்கப் படங்கள் எடுத்துக் கொடுத்துக் காலத்தை ஓட்டிய அந்த ஸ்தாபனம், இளைஞர்களுக்குக் காமிராவையும் படத்தொகுப்பையும் கற்றுக்கொடுக்கும் பயிற்சிக்கூடமாகவும் விளங்கியது.

மனத்தில் கிடந்த செல்மாவின் கதையை எடுப்பதற்கு முதல் வாய்ப்பு பத்தாண்டு கழித்து வந்தது. கேபிடல் சிட்டீஸ் என்ற ஒலிபரப்புக் கம்பெனி பணம் கொடுக்க முன்வந்தது. வேலை தொடங்கிப் பாதியில் நிற்கையில், வந்த படத்தில் திருப்தி இல்லாமல் அக்கம்பெனி விலகிக்கொண்டது. கடனும் முடிவுறாத படச் சுருள்களுமே மிஞ்சின. வேறொருவராயின் அத்துடன் அந்த உத்தேசத்தையே கைவிட்டிருப்பார். ஹாம்ப்டனோ அந்தத் தோல்வியை ஆராய்ந்து அதிலிருந்து ஒரு பாடத்தைப் பெற்றார். பத்தாண்டு காலத்துப் போராட்டத்தை இரண்டு மணி நேரத்தில் அடக்க முயன்றால், தலைவர்களின் முகங்களும் பெரிய ஊர்வலங்களுமே எஞ்சும். வழிகாட்டிய பெண்களும், சிறை புகுந்த மாணவர்களும், வேலையை இழந்த கூலிக்காரர்களும் திரைக்கு வெளியே போய்விடுவார்கள். ஆகையால் படத்தைக் குறுக்குவதற்கு மாறாக ஆறு மணி நேரத் தொடராக விரிப்பது என்று அவர் தீர்மானித்தார். அதற்கு வேண்டிய நிதியை அறநிலையங்களிடமும் பொதுத் தொலைக்காட்சியிடமும் சிறுகச் சிறுகச் சேகரிப்பதிலேயே ஐந்தாறு ஆண்டுகள் கழிந்தன.

படம் எடுக்குமுன் ஒரு பாடசாலை

1985-ஆம் ஆண்டுக் கோடையில் வேலை மறுபடியும் ஆரம்பமாயிற்று. காமிராவைத் தொடுவதற்கு முன்னால் தம் குழுவினர் அனைவரையும் மாணவர்களாக உட்கார வைத்து ஹாம்ப்டன் ஒரு பாடசாலை நடத்தினார். கிளேபோர்ன் கார்ஸன், வின்சென்ட் ஹார்டிங், டார்லீன் கிளார்க் ஹைன், டேவிட் காரோ முதலிய சரித்திராசிரியர்கள் இத்தொடருக்கு ஆலோசகர்களாக அமைந்தார்கள். போராட்டத்தில் நேரடியாகப் பங்கு கொண்ட பெரியோர்களும் வந்து பாடம் சொன்னார்கள். ஒவ்வொரு சம்பவத்தைப் பற்றியும் மூலாதாரங்களைப் படித்து, விவாதித்து, ஐயங்களைத் தெளிந்த பிறகே படக் குழுவினர் ஊர் ஊராகப் பிரயாணம் புறப்பட்டார்கள்.

குழுக்களை அமைத்த விதத்திலும் அவருடைய தீர்க்காலோசனை விளங்கியது. ஒவ்வொரு பகுதியையும் ஒரு கறுப்பினத்தவரும் ஒரு வெள்ளையரும் இணைந்தே தயாரிக்க வேண்டும் என்று அவர் வகுத்தார். ஆர்லாண்டோ பாக்வெல், காலி கிராஸ்லி, ஜூடித் வெக்கியோன், ஜேம்ஸ் டிவின்னி ஆகிய நால்வர் அவ்விதம் ஜோடி சேர்ந்து உழைத்தார்கள். ஒரே படச் சுருளைப் பார்த்து இரண்டு வேறு அர்த்தங்களைக் கண்ட ஒவ்வொரு ஜோடியினரும் படத்தொகுப்பு அறையில் வாதாடி, வாதாடி, இருவருமே மறுக்க முடியாத உண்மை எதுவோ அதையே திரைக்குக் கொண்டுவர வேண்டியிருந்தது. எழுத்துப் பொறுப்பை ஸ்டீவ் ஃபேயர் வகித்தார். மாணவர் அகிம்சைக் குழுவில் ஊழியம் செய்த ஜூடி ரிச்சர்ட்ஸன் ஆராய்ச்சியில் பெரும் பங்கு கொண்டார். அதே குழுவின் செய்தித் தொடர்பாளராக இருந்தவரும், வியத்நாம் யுத்தத்தை எதிர்த்த காரணத்தால் ஜார்ஜியா சட்டசபை இடமளிக்க மறுத்தபோது உச்ச நீதிமன்றம் வரை சென்று 1966-இல் தம் ஸ்தானத்துக்கான உரிமையைப் பெற்றவருமான ஜூலியன் பாண்ட், படம் முழுவதற்கும் தம்முடைய நிதானமான குரலைத் தந்தார்.

யார் பேசலாம்?

இந்தத் தொடரின் உயிர்நாடி என்று நான் கருதுவது, சாட்சியத்தைப் பற்றி அவர்கள் விதித்துக்கொண்ட நியமம்தான். திரையில் தோன்றிப் பேசுபவர் அந்தச் சம்பவத்தில் இருந்தவராக இருக்க வேண்டும். தாம் கண்டதையும் செய்ததையும் மட்டுமே சொல்ல வேண்டும். படத்துக்கு வழிகாட்டிய சரித்திராசிரியர்களே திரையில் தோன்றி வியாக்கியானம் செய்ய இடமில்லை. நடிகர்களைக் கொண்டு பழைய சம்பவங்களை நடித்துக் காட்டுவதற்கும் இடமில்லை. அக்காலத்துச் செய்திப் படங்களும், புகைப்படங்களும், விடுதலைப் பாட்டுக்களும், கண்கண்டவர் வாக்குமூலமுமே போதும் என்பது அவர்கள் கொள்கை.

அந்தக் கொள்கையின் பலனை ஓரிரண்டு காட்சிகளைக் கொண்டு விளக்குகிறேன். எம்மெட் டில்லின் கொலை வழக்கு மிஸிஸிப்பியிலுள்ள ஸம்னர் என்ற சிற்றூரில் நடந்தபோது, அவனுடைய தாத்தா முறையாகிய மோஸ் ரைட் என்ற முதிய குடியானவர் சாட்சிக் கூண்டில் எழுந்து நின்று, நள்ளிரவில் வந்து பிள்ளையைக் கொண்டுபோன வெள்ளையர்களைக் கைநீட்டிக் காட்டினார். அந்த மாகாணத்தில் ஒரு கறுப்பினத்தவர் வெள்ளையருக்கு எதிராக அவ்விதம் கைநீட்டுவது உயிரைப் பணயம் வைப்பதற்கு ஒப்பாகும். கறுப்பின நிருபர்களுக்கென்று ஒதுக்கியிருந்த தனி மேஜையிலிருந்து அதைக் கண்ட பத்திரிகையாளர் ஜேம்ஸ் ஹிக்ஸ், முப்பது ஆண்டுகளுக்குப் பின் காமிராவின் முன் அமர்ந்து அந்த நொடியை வர்ணிக்கிறார். வெள்ளையர்களே நிறைந்த ஜூரி ஏறத்தாழ ஒரு மணி நேரத்தில் குற்றவாளிகளை விடுதலை செய்தது. ஆயினும், அந்த நீதிமன்றத்தில் பொய்த்துப்போன சாட்சியம் இந்தப் படத்தில் உரிய மதிப்பைப் பெறுகிறது.

இன்னொரு காட்சி செல்மாவைச் சேர்ந்தது. 1965-ஆம் ஆண்டு பிப்ரவரி மாதத்தில், வாக்காளர் பதிவுக்காக வந்த ஜனங்களை வழிநடத்திய போதகர் சி.டி. விவியன், நீதிமன்றப் படிக்கட்டில் நின்று ஷெரீப் ஜிம் கிளார்க்கையும் அவருடைய ஆட்களையும் பார்த்துத் தர்ம நியாயத்தை எடுத்துரைக்கிறார். திடீரென்று ஒரு குத்து விழுகிறது. விவியன் படிகளில் உருண்டு விழுகிறார். வாயில் ரத்தம் வழிய எழுந்து நின்று, விட்ட இடத்திலிருந்தே பேச்சைத் தொடர்கிறார். இவையெல்லாம் செய்திக் காமிராவில் பதிவானவை. ஹாம்ப்டனின் குழு விவியனை மட்டும் அழைத்து அந்தக் கதையைக் கேட்டிருந்தாலே யாரும் குறை சொல்லியிருக்க மாட்டார்கள். அவர்களோ ஜிம் கிளார்க்கையும் தேடிக் கண்டுபிடித்து, காமிராவின் முன் உட்கார வைத்து, அதே சம்பவத்தைக் கேட்டார்கள். அடித்ததாகத் தமக்கு நினைவில்லை என்று சொல்லும் கிளார்க், பிறகு வைத்தியரிடம் போய் எக்ஸ்ரே எடுத்துப் பார்த்தபோது தம் கைவிரல் ஒன்றில் எலும்பு விரிசல் கண்டிருந்ததைத் தாமே தெரிவிக்கிறார். ஆயிரம் பக்கக் கண்டனம் எழுதினாலும் அந்த ஒரு வாக்குமூலத்துக்கு ஈடாகாது. எதிர்த்தரப்பினருக்கும் பேச இடங்கொடுப்பதால் உண்மை பலவீனப்படுவதில்லை, அதன் ஆதாரம் இன்னும் உறுதிப்படுகிறது என்பதை ஹாம்ப்டன் அறிந்திருந்தார். அலபாமா கவர்னராயிருந்த ஜார்ஜ் வாலஸும், செல்மாவின் மேயராயிருந்த ஜோசப் ஸ்மிதர்மனும் இந்தக் காரணம் பற்றியே இந்தத் தொடரில் இடம் பெற்றார்கள்.

கிங் அப்போது உயிரோடில்லை. அவரைப் பேட்டி காண வழியில்லை. அந்தக் குறையே ஒரு வகையில் தொடருக்குச் சிறப்பாக அமைந்தது. மான்ட்கமரியில் பகிஷ்காரத்துக்கான துண்டுப் பிரசுரங்களை ஒரே இரவில் பல்லாயிரக் கணக்கில் உருட்டச்சில் அடித்துத் தள்ளிய கல்லூரி ஆசிரியை ஜோ ஆன் ராபின்ஸன் அதில் பேசுகிறார். நாகபுரியில் மூன்று ஆண்டுகள் தங்கிக் காந்தியடிகளின் சத்தியாக்கிரக முறையைப் பயின்று திரும்பிய ஜேம்ஸ் லாஸன் பயிற்றுவித்த நாஷ்வில் மாணவர்களுள் ஒருவரான டையான் நாஷ் பேசுகிறார். எட்டு வயதில் செல்மாப் பாலத்துக்கு நடந்த ஷெயன் வெப், கண்ணீர்ப் புகைக்கு நடுவே தம்மைத் தூக்கிக்கொண்டு ஓடிய ஹோஸியா வில்லியம்ஸிடம், அவர் போதிய வேகத்தில் ஓடவில்லையென்று தம்மைக் கீழே இறக்கிவிடச் சொன்னதை விவரிக்கிறார். அந்தக் குழந்தையின் அச்சமும் துணிவும் ஒருங்கே அந்தச் சொற்களில் வெளிப்படுகின்றன. அவதார புருஷர் ஒருவர் வந்து அடிமைத்தளையை அறுத்ததாக ஜனங்கள் கொண்டிருந்த அபிப்பிராயம் மாறி, எண்ணிறந்த சாமானியர்கள் சேர்ந்து நடத்திய வேள்வியாக அந்தப் போராட்டம் பார்ப்பவர் மனத்தில் பதிவதற்கு இந்தக் குரல்களே காரணம்.

1987-ஆம் ஆண்டு ஜனவரி

விடுதலைப் பாட்டொன்றின் பெயரைத் தாங்கி, இலக்கிலிருந்து கண்ணை அகற்றாதே என்ற பொருளில் அமைந்த 'ஐஸ் ஆன் த பிரைஸ்' என்னும் அத்தொடரின் முதற்பகுதி, 1987-ஆம் ஆண்டு ஜனவரி மாதம் 21-ஆம் தேதி அமெரிக்கப் பொதுத் தொலைக்காட்சியில் ஒளிபரப்பாயிற்று. 1954 முதல் 1965 வரையிலான சரித்திரத்தை ஆறு பகுதிகளில் சொன்ன அந்தப் படைப்புக்குப் பீபாடி விருதும் எம்மி விருதுகளும் கிடைத்தன. செல்மாவைப் பற்றிய ஆறாம் பகுதி ஆஸ்கார் பரிசுக்கும் பரிந்துரைக்கப்பட்டது. பள்ளிக்கூடங்களும் கல்லூரிகளும் அதைப் பாடமாகவே ஏற்றுக்கொண்டன.

1990-ஆம் ஆண்டில் எட்டுப் பகுதிகளில் வெளிவந்த இரண்டாம் தொடர், 1980-களின் நடுப்பகுதி வரையிலான கதையைச் சொல்லியது. மால்கம் எக்ஸ், கருஞ்சிறுத்தைக் கட்சி, ஆட்டிகா சிறைச்சாலைக் கலகம், பாஸ்டன் நகரத்துப் பள்ளிக்கூடப் பஸ் தகராறு, சிகாகோவின் முதல் கறுப்பின மேயராக ஹெரால்ட் வாஷிங்டன் 1983-இல் வெற்றி பெற்றது ஆகியவை அதில் இடம் பெற்றன. தர்மமும் அதர்மமும் எதிரெதிரே தெளிவாக நின்ற முதற்பத்தாண்டைக் காட்டிலும், வறுமையும் குடியிருப்பும் அதிகாரமும் பின்னிக் கிடந்த பிந்திய காலத்தைச் சொல்வது எவ்வளவோ சிரமமான காரியம். பாராட்டுக் கிடைத்த இடத்திலேயே நின்றுவிடாமல் அந்தச் சிக்கலுக்குள் இறங்கியதும் ஹாம்ப்டனுடைய நேர்மைக்கு அத்தாட்சியாகும். பொருளாதார மந்தத்தைப் பற்றியும், வறுமை ஒழிப்புத் திட்டங்களைப் பற்றியும் அதன் பின்னர் அவர் தொடர்கள் தயாரித்தார். ஆர்லாண்டோ பாக்வெல், ஸாம் போலார்டு முதலானோர் அவரிடம் உழைத்துத் தேர்ந்து, தனித்த ஆவணப்பட ஆசிரியர்களாகப் புகழ் பெற்றார்கள். புற்றுநோய்க்குப் பெற்ற சிகிச்சையின் பின்விளைவாக எலும்பு மஜ்ஜை நோய் கண்டு, 1998-ஆம் ஆண்டு நவம்பர் மாதம் 22-ஆம் தேதி, ஐம்பத்தெட்டாவது வயதில் ஹாம்ப்டன் பாஸ்டனில் காலமானார்.

பூட்டுக்குள் அகப்பட்ட சரித்திரம்

அவருடைய இறுதிக் காலத்திலேயே அந்தப் படைப்புக்கு ஒரு சங்கடம் நேர்ந்திருந்தது. தொடரில் உபயோகித்த செய்திப் படங்களும், புகைப்படங்களும், பாடல்களும் பலருக்குச் சொந்தமானவை. ஒவ்வொன்றுக்கும் உரிமையாளரிடம் பணம் கொடுத்து அனுமதி பெற வேண்டும். நிதி போதாத நிலையில் தயாரித்தமையால், பல அனுமதிகளைச் சில ஆண்டுகளுக்கு மட்டுமே பெற்றிருந்தார்கள். 1990-களின் நடுவில் அந்தத் தவணைகள் முடிந்தன. அதன்பிறகு தொடரை மறுபடியும் ஒளிபரப்புவதற்கோ, புதிதாகப் பிரதி எடுத்து விற்பதற்கோ இயலாமற் போயிற்று. நூலகங்களிலும் பள்ளிக்கூடங்களிலும் தேய்ந்துகொண்டிருந்த பழைய வீடியோ நாடாக்களே கதியென்று ஆயின. தங்கள் உடம்பில் அடிவாங்கிய ஜனங்களின் அனுபவம், அவர்கள் அடிபட்ட காட்சியைப் படம் பிடித்தவர்களின் சொத்தாக மாறி, அந்த ஜனங்களுடைய பேரப் பிள்ளைகளின் கண்ணுக்கே எட்டாமற் போன நிலை அது. ஃபோர்டு அறநிலையமும், ரிச்சர்டு கில்டர் என்ற கொடையாளியும் உதவிய பின்னரே உரிமைகளைப் புதுப்பிக்க முடிந்தது. முதல் தொடர் 2006-ஆம் ஆண்டு அக்டோபரில் மறுபடியும் ஒளிபரப்பாயிற்று.

ஹாம்ப்டன் சேகரித்த படச் சுருள்களும் பேட்டிகளும் அவர் படித்த வாஷிங்டன் சர்வகலாசாலையின் பாதுகாப்பில் இப்போது இருக்கின்றன. திரையில் சில நிமிஷங்களே இடம்பெற்ற பேட்டிகளின் முழு வடிவத்தையும் இன்று எவரும் படிக்கலாம். தொடரைப் பார்த்தவர்கள் அந்த முழுப் பேட்டிகளையும் படிக்க வேண்டுமென்று நான் வற்புறுத்துவேன். கேள்வி கேட்டவர் எவ்வளவு பொறுமையோடு கேட்டார், பதில் சொன்னவர் எந்த இடத்தில் தயங்கினார், எந்த இடத்தில் பேச்சை நிறுத்தி மீண்டும் தொடர்ந்தார் என்பவையெல்லாம் அவற்றில்தான் தெரியவருகின்றன.

சட்டத்தினால் கிடைத்த உரிமையைச் சட்டத்தினாலேயே குறைத்துவிட முடியும் என்பதைப் பிந்திய சரித்திரம் காட்டியிருக்கிறது. வாக்குரிமைச் சட்டத்தின் முக்கியமான ஒரு பிரிவை 2013-ஆம் ஆண்டில் அமெரிக்க உச்ச நீதிமன்றமே செயலற்றதாக்கிவிட்டது. அப்படிப்பட்ட காலங்களில், அந்தச் சட்டம் ஏன் வேண்டியிருந்தது, அதற்கு என்ன விலை கொடுக்கப்பட்டது என்று கேட்கும் தலைமுறைக்கு, நேரில் கண்டவர்களின் வாக்குமூலத்தைக் காட்டிலும் வலிமையான பதில் வேறில்லை. அந்த வாக்குமூலத்தைக் காலம் கடந்துவிடுவதற்கு முன் கேட்டு வாங்கிப் பத்திரப்படுத்தியதுதான் ஹென்றி ஹாம்ப்டன் செய்த பெருந்தொண்டு. உரிமைப் போராட்டத்தைப் படம் பிடித்தவர் என்று மட்டும் அவரைச் சொல்வது போதாது. அதன் பிற்பகுதியைத் தாமே நடத்தியவர் என்று சொல்லவேண்டும்.

அடுத்த இதழில், 1966-ஆம் ஆண்டு ஜனவரியில் கிங் சிகாகோவின் லான்டேல் பகுதியில் ஓர் ஏழைக் குடியிருப்பில் குடியேறியதையும், தென்மாகாணங்களில் வெற்றி தந்த வழி வடக்கே எதிர்கொண்ட கடும் சோதனையையும், அவ்வாண்டு ஆகஸ்டு மாதம் மார்க்வெட் பூங்காவில் அவர்மீது கல் விழுந்த சம்பவத்தையும் காண்போம்.